தாது வருஷத்துக்கு ஒரு பலகை

பக்கிங்காம் கால்வாய் பற்றிப் பேச்சு வந்தால் சென்னையில் யாராவது ஒருவர் இதைச் சொல்லாமல் விடமாட்டார்: "வெள்ளைக்காரன் எவ்வளவு அழகா வெட்டிக் கொடுத்தான், நாம சாக்கடையா ஆக்கிட்டோம்." ஆட்டோ ஓட்டுகிறவர் சொல்கிறார், ரிட்டயர் ஆன பொறியாளர் சொல்கிறார், ஆகஸ்ட் வந்தால் மெட்ராஸ் தினத்துக்குப் பழைய படங்களைக் காட்டிப் பேசுகிறவர்களும் சொல்கிறார்கள். உப்பும் விறகும் ஏற்றிக்கொண்டு வடக்கேயிருந்து படகுகள் வந்து நின்ற கதையும் கூடவே வரும். சாக்கடையாக்கியது நாம்தான், அதில் எனக்கு மறுப்பு இல்லை. வாக்கியத்தின் முதல் பாதிதான் என்னைக் கொஞ்ச காலமாக உறுத்திக்கொண்டே இருக்கிறது. வெள்ளைக்காரன் வெட்டினான் என்றால், மண்வெட்டி யார் கையில் இருந்தது?

பொங்கலுக்கு மந்தைவெளியில் பெரியப்பா வீட்டுக்குப் போயிருந்தோம். பின்பக்க ஜன்னலைத் திறந்தால் பறக்கும் ரயிலின் தூண்களும் கீழே கறுப்புத் தண்ணீரும் தெரியும். சாப்பிட்டு முடித்த பிறகு, அண்ணன் மகளின் பத்தாம் வகுப்புப் புத்தகம் மேஜையில் கிடந்ததால், வரலாற்றுச் சண்டை ஆரம்பித்தது. டெல்லி சுல்தான்களுக்கு எத்தனை பக்கம், சோழர்களுக்கு எத்தனை பக்கம் என்று அண்ணன் கொதித்தான். 2023-இல் மத்தியப் பாடத்திட்டப் புத்தகத்தில் முகலாயர் பாடத்தை எடுத்தது சரியா தப்பா என்று சித்தப்பாவும் அத்தானும் மோதிக்கொண்டார்கள். நடுவில் கீழடி வந்தது, ஆரியர் வந்தார்கள், குரல்கள் ஏறின. பொதுப்பணித் துறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற பெரியப்பா இதிலெல்லாம் கலந்துகொள்ளாமல் ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டிருந்தவர், அந்த வாக்கியத்தை அப்படியே சொன்னார். "தாது வருஷப் பஞ்சத்துல கூலிக்கு வந்த ஜனங்க வெட்டினது பெரியப்பா" என்றேன், 1876-இல், தாது என்ற தமிழ் வருஷத்தில், தொடங்கிய பஞ்சத்தை நினைத்து. "அப்படியா" என்றான் அண்ணன். அடுத்த நிமிஷம் எல்லோரும் ராஜேந்திரனின் கடாரப் படையெடுப்புக்குப் போய்விட்டார்கள்.

ஒரு நாட்டின் வரலாறு என்று நாம் சண்டை போடுவதெல்லாம் எந்த ராஜாவுக்கு எத்தனை பக்கம் என்பதைப் பற்றித்தான் என்று எனக்கு அன்றைக்கு ஆணித்தரமாகப் பட்டது. அந்த ஜன்னலுக்குக் கீழேயே கிடக்கிற ஒரு பெரிய சாவு யார் பட்டியலிலும் இல்லை. வலதுசாரி அண்ணன் பட்டியலிலும் இல்லை, பெரியாரிஸ்ட் சித்தப்பா பட்டியலிலும் இல்லை.

கூவத்திலிருந்து அடையாறு வரை

கால்வாயின் கதை ஒரே நாளில் நடந்ததல்ல. 1806-இல் பேசில் காக்ரேன் என்பவர் மெட்ராஸிலிருந்து எண்ணூர் வரை வெட்ட ஏற்பாடு செய்தார், பிறகு அரசாங்கம் அதை எடுத்துக்கொண்டு வடக்கே நீட்டிக்கொண்டே போனது. ஆனால் நகரத்துக்குள் கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கிற சுமார் 8 கிலோமீட்டர் துண்டு இருக்கிறதே, அது 1877-78இல் பஞ்ச நிவாரண வேலையாக வெட்டப்பட்டது. அப்போது மெட்ராஸ் கவர்னராக இருந்தவர் பக்கிங்காம் பிரபு, கால்வாய்க்கு அவர் பெயர் வந்தது அப்படித்தான். இன்றைக்கு நீங்கள் சேப்பாக்கத்தில் பறக்கும் ரயில் ஏறி திருவல்லிக்கேணி, கலங்கரை விளக்கம், திருமயிலை, மந்தைவெளி என்று போனால், பெரும்பாலும் அந்தத் துண்டின் மேலேயேதான் போகிறீர்கள். 1996 ஏப்ரலில் அறுபது வருடச் சுழற்சியில் மறுபடியும் ஒரு தாது வருஷம் பிறந்தது. 1997-இல் திருமயிலை வரை ரயில் ஓட ஆரம்பித்தது. எலும்பும் தோலுமாக வந்தவர்கள் தோண்டிய பள்ளத்தில்தான் அத்தனை தூண்களும் நிற்கின்றன. ஒரு ஸ்டேஷனிலும் ஒரு வரி கிடையாது.

பஞ்சம் எவ்வளவு பெரியது என்பதைச் சொல்லாமல் இது விளங்காது. 1876-இல் மழை பொய்த்தது, அடுத்த ஆண்டும் சரியாகப் பெய்யவில்லை. பெல்லாரி, கர்நூல், கடப்பை, நெல்லூர், வட ஆற்காடு, செங்கல்பட்டு, சேலம், கோயம்புத்தூர் என்று ஜில்லா ஜில்லாவாகக் காய்ந்தது. 1878-இல் அமைத்த பஞ்ச ஆணையம், அரசாங்கத்தின் ஆணையம், பிரிட்டிஷ் ஆட்சிப் பகுதியில் மட்டுமே 50 லட்சத்துக்கு மேற்பட்ட சாவு என்று மதிப்பிட்டது. மைசூர் சமஸ்தானத்துக் கணக்கு தனி. எங்கள் பூர்வீகமான சேலம் ஜில்லாவில் 1871 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ஏறக்குறைய 19.7 லட்சம் பேர்; 1881-இல் சுமார் 16 லட்சம். பத்து வருடத்தில் பிறந்த பிள்ளைகளையெல்லாம் சேர்த்தும்கூட இவ்வளவு குறைவு. செத்தவர்கள் போக, கண்டி மலைத் தோட்டங்களுக்கும் கடல் கடந்தும் போனவர்கள் இருக்கிறார்கள். இந்த இரண்டு எண்களை நான் முதன்முதலில் பக்கத்தில் பக்கத்தில் பார்த்தபோது புத்தகத்தை மூடிவிட்டு எழுந்து போய்விட்டேன், கொஞ்ச நேரம் எதுவும் ஓடவில்லை.

ஒரு பவுண்ட் தானியம்

மழை பெய்யாததற்கு யாரையும் குற்றம் சொல்ல முடியாது, அந்த எல் நினோ உலகம் முழுவதையும் வாட்டியது, சீனத்திலும் பிரேசிலிலும் அதே வருடங்களில் மக்கள் செத்தார்கள். பேசவேண்டியது அதற்குப் பிறகு நடந்ததைத்தான். மெட்ராஸ் அரசு தொடக்கத்தில் முன்யோசனையோடு சுமார் 30,000 டன் தானியத்தை வாங்கி வைக்கப் பார்த்தது. கல்கத்தாவிலிருந்த மேலிடம் அதைக் கண்டித்தது. சந்தையில் அரசாங்கம் தலையிடக் கூடாது என்பது வைஸ்ராய் லிட்டனின் வேதம். 1877 ஜனவரி 1 அன்று டெல்லியில் விக்டோரியாவை இந்தியாவின் பேரரசியாக அறிவித்து தர்பார் நடந்தது. மாகாணம் பஞ்சத்தில் கிடக்க, மெட்ராஸ் கவர்னரும் அங்கேதான் இருந்தார்.

அந்த மாதமே லிட்டன் ரிச்சர்டு டெம்பிள் என்ற அதிகாரியை, செலவைக் குறைக்கச் சொல்லி, தெற்கே அனுப்பினார். இந்த டெம்பிள் சாதாரண ஆள் இல்லை. 1874-இல் பிகாரில் பஞ்சம் தலைகாட்டியபோது பர்மாவிலிருந்து அரிசி கொண்டுவந்து கொட்டி, சாவே அதிகம் இல்லாமல் காப்பாற்றியவர். அதற்கு அவருக்குக் கிடைத்தது பாராட்டு அல்ல, பணத்தை வாரி இறைத்துவிட்டார் என்று லண்டன் வரை திட்டு. அடுத்த முறை அந்தப் பெயர் வரக்கூடாது என்று வந்தவர், மெட்ராஸில் நிவாரண வேலை செய்யும் ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்கு ஒரு பவுண்ட் தானியமும் மேலே கொஞ்சம் சில்லறையும் போதும் என்று முடிவு செய்தார். ஒரு பவுண்ட் என்றால் நம் கணக்கில் அரைக் கிலோகூட இல்லை. அதைத் தின்றுவிட்டு நாள் முழுக்க மண் வெட்டவேண்டும். மெட்ராஸின் சுகாதார ஆணையர் கார்னிஷ் இதைக் கடுமையாக எதிர்த்தார், சிறையில் இருக்கிற கைதிக்குக் கொடுப்பதே இதைவிட அதிகம் என்று எழுதினார். மெட்ராஸ் டைம்ஸ் ஆசிரியராக இருந்த வில்லியம் டிக்பி விடாமல் எழுதினார், 1878-இல் இந்தப் பஞ்சத்தைப் பற்றி இரண்டு பெரிய தொகுதிகளையே கொண்டுவந்தார். சில மாதங்களில் மெட்ராஸ் அரசு கூலியை உயர்த்த வேண்டியதாயிற்று. அதற்குள் எத்தனை பேர் போனார்கள் என்பதைப் பிரித்துச் சொல்ல யாராலும் முடியாது.

இந்த விவரமெல்லாம் நமக்குக் கிடைப்பதே அந்த அதிகாரிகளுக்குள் சண்டை வந்ததால்தான் என்பது என்னை மிகவும் பாதிக்கிறது. கார்னிஷ் கூலிகளை நிறுத்தி எடை பார்த்து அறிக்கை எழுதாமல் இருந்திருந்தால், டெம்பிள் பதில் எழுதாமல் இருந்திருந்தால், டிக்பி இருவரையும் அச்சில் ஏற்றாமல் இருந்திருந்தால் இன்றைக்கு நம்மிடம் ஒரு கவர்னரின் பெயர் மட்டும்தான் மிஞ்சியிருக்கும். மண் சுமந்த பெண் ஒருத்தியின் பெயர்கூட அந்த ஆயிரம் பக்கத்தில் எனக்குத் தட்டுப்படவில்லை. நம் ஆட்களும் சும்மா இருந்துவிடவில்லை. மாயூரம் வேதநாயகம் பிள்ளை கைப்பொருளைச் செலவழித்துக் கஞ்சி ஊற்றினார், கோபாலகிருஷ்ண பாரதி அவரைப் புகழ்ந்து பாடினார். பஞ்சக் கும்மிகளில் எதைத் தின்றார்கள், எதை விற்றார்கள் என்பதெல்லாம் வரிவரியாக இருக்கிறது. அதே நேரத்தில் தானியத்தைப் பதுக்கி லாபம் பார்த்தவர்களில் நம் ஊர் வியாபாரிகளும் இருந்தார்கள், அதையும் சேர்த்துத்தான் சொல்லவேண்டும். வெள்ளைக்காரன் கெட்டவன், நாம் நல்லவர்கள் என்று எழுதிவிட்டு நிம்மதியாகத் தூங்குகிற மாதிரியான கதை இது இல்லை.

எது நினைவில் நிற்கிறது

வங்கப் பஞ்சம் பற்றி நம்மில் பலருக்குத் தெரியும். 1943, சர்ச்சில், கல்கத்தா நடைபாதையில் பிணங்கள். தாது வருஷத்துச் சாவு அதைவிடக் குறைந்ததில்லை, ஆனால் லிட்டன் என்று கேட்டால் போட்டித் தேர்வுக்குப் படிக்கிற பிள்ளைகள் 1878-இன் தாய்மொழிப் பத்திரிகைச் சட்டத்தைத்தான் சொல்வார்கள். ஹூப்பர் என்ற ராணுவ அதிகாரி மெட்ராஸ் மாகாணத்தில் அப்போது எடுத்த புகைப்படங்கள் இருக்கின்றன, விலா எலும்பு ஒவ்வொன்றையும் எண்ணிவிடலாம் என்கிற மாதிரி உட்காரவைத்து எடுத்தவை. அதில் ஒரு படம் எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவுக்கு 'வங்கப் பஞ்சம்' என்ற தலைப்போடு வந்தது. நம் ஊர் ஜனங்களின் முகம் நமக்கே வேறு ஊர்க்காரர்களாக வந்து சேருகிறது, யாரும் கேள்வி கேட்கவில்லை.

அயர்லாந்தில் 1845-இல் தொடங்கிய உருளைக்கிழங்குப் பஞ்சத்தில் சுமார் பத்து லட்சம் பேர் செத்தார்கள். டப்ளினில் லிஃபி ஆற்றங்கரையில், கப்பலேறப் போகிற பாதையில், மெலிந்த மனிதர்களின் வெண்கல உருவங்களை 1990-களில் வைத்திருக்கிறார்கள். வருடத்துக்கு ஒரு நாள் அரசாங்கமே அனுசரிக்கிறது. இங்கே பசிக்கு நினைவுச் சின்னம் என்று யோசித்தால் எனக்குத் தோன்றுவது வடலூர்தான். 1867-இல் வள்ளலார் ஏற்றிய அடுப்பு தாது வருஷத்துக்கு முந்தையது, ஆனால் அந்தப் பஞ்சத்தையும் பார்த்தது, இன்னும் எரிகிறது. சென்னையில் ராயபுரம் பக்கத்துப் பெரியவர்கள் ஸ்டான்லி ஆஸ்பத்திரியைக் கஞ்சித்தொட்டி ஆஸ்பத்திரி என்பார்கள். 1780-களில் ஹைதர் அலி படையெடுப்பை ஒட்டி வந்த பஞ்சத்தில் கஞ்சி ஊற்ற ஆரம்பித்த மணியக்காரர் சத்திரத்தின் வழியாக வந்த பெயர் அது. ஜனங்களின் வாயில் நின்ற நினைவு இவ்வளவுதான். கல்லில் எதுவும் இல்லை.

ஏன் இல்லை என்று நிறைய யோசித்திருக்கிறேன். தேசத்தின் கதைக்கு வீரன் வேண்டும், துரோகி வேண்டும், போர்க்களம் வேண்டும். பஞ்சத்தில் வீரம் காட்ட இடமில்லை. எதிர்த்து நின்று செத்தவனைப் பாடலாம். கஞ்சிக்கு வரிசையில் நின்று, வரிசையிலேயே சரிந்தவனை எப்படிப் பாடுவது? அதோடு, செத்தவர்களில் மிகப் பெரும்பாலோர் நிலமில்லாதவர்கள், பறையர்கள், பள்ளர்கள், சக்கிலியர்கள், கைத்தறி நெசவாளர்கள். அவர்கள் சார்பில் மண்டபம் கட்ட அன்றைக்கு யாருக்கும் தோன்றவில்லை. இப்படித்தான் நான் எண்ணிக்கொண்டிருந்தேன். இதற்கு இன்னொரு காரணம் என் வீட்டு அலமாரியிலேயே இருந்தது என்பது பெரியப்பா போன் பண்ணிய பிறகுதான் தெரிந்தது.

குலவரலாற்றின் இரண்டாம் பக்கம்

பொங்கல் முடிந்து சில வாரம் கழித்துக் கூப்பிட்டார். "அன்னிக்கு தாது வருஷம்னு சொன்னியே, சாயங்காலம் வீட்டுக்கு வா" என்றார். போனேன். மேஜை மேல் எங்கள் குலதெய்வக் கோயில் கும்பாபிஷேகத்துக்கு அவர் முன்னின்று அச்சடித்த குலவரலாற்றுச் சிறு நூல் இருந்தது. எங்கள் உறவில் எல்லோர் வீட்டிலும் ஒன்று உண்டு. முதல் பக்கத்தில் எங்கள் முன்னோர் ஒரு மன்னரின் படையில் தளபதிகளாக வந்து ஆத்தூர்ப் பக்கம் நிலைபெற்றதாக இருக்கும். இரண்டாம் பக்கத்தில் எடுத்த எடுப்பில் பெரியப்பாவின் கொள்ளுத்தாத்தா வந்துவிடுவார், கிணறு வெட்டினார், காடு வாங்கினார் என்று. தளபதிக்கும் அவருக்கும் நடுவில் ஒரு பெயர் கிடையாது.

"இந்த இடைவெளியை நீ என்னிக்காவது கேட்டிருக்கியா?" என்றார். இல்லை என்றேன். பெரியப்பாவின் அப்பாயிக்கு அவர் மாமனார், அப்பாயி நேரில் கேட்டதைப் பேரனிடம் சொல்லியிருக்கிறார். தாது வருஷத்தில் எட்டு ஒன்பது வயசுப் பையன். தர்மபுரிப் பக்கத்திலிருந்து அம்மாவும் தங்கச்சியும் அவரும் சேலத்தில் கஞ்சி ஊற்றுகிறார்கள் என்று கேள்விப்பட்டு நடந்து வந்திருக்கிறார்கள். தங்கச்சி வழியில், அம்மா முகாமில். ஆத்தூரில் ஒரு குடும்பம் மாடு மேய்க்க வைத்துக்கொண்டது, வளர்த்தது, பெண்ணும் பார்த்துக் கட்டி வைத்தது. அப்பா பெயர் ஞாபகம் இருந்தது, ஊர்ப் பெயர் இல்லை.

"அப்போ அவர் எந்தக் குலம்?" என்று கேட்டேன். பெரியப்பா உடனே பதில் சொல்லவில்லை. "அதைத்தான் யாருக்கும் தெரியாது. வளர்த்தவங்க குலம் நம்ம குலம் ஆச்சு. இதை எழுதினா முதல் பக்கத்துத் தளபதி யாரு? இத்தனை வருஷமா எதை வச்சுப் பொண்ணு கொடுத்தோம், எடுத்தோம்?" என்றார். பிறகு, "பஞ்சத்துல தப்பிச்சு வந்த பையனோட வம்சம்னு எழுதுறதுல எனக்கு ஒரு வெட்கமும் இல்லப்பா. ஆனா அச்சடிக்கறப்ப நாலு பேர் கூடி உட்கார்ந்தோம், நாலு பேரும் இதை விட்டுடலாம்னு பேசாமலேயே முடிவு பண்ணிட்டோம்" என்றார்.

அந்தப் பேசாமலேயே எடுத்த முடிவுதான் எனக்கு எல்லாவற்றையும் திறந்து காட்டியது. பஞ்சம் உடம்பை மட்டும் கொல்லவில்லை, யார் யாருடைய பிள்ளை என்ற கணக்கையும் அழித்தது. ஊர்விட்டு ஊர் வந்து, கிடைத்த வீட்டில் ஒட்டிக்கொண்டு, கிடைத்த பெயரோடு பிழைத்தவர்களின் பேரப்பிள்ளைகள்தான் இன்றைக்கு வட மாவட்டங்களிலும் மேற்கிலும் எத்தனையோ பேர். அதை ஒத்துக்கொண்டால் சாதிக் கணக்கு ஆடும், பூர்வீகப் பெருமை ஆடும், 'ஆயிரம் வருஷமாக நாங்கள் இங்கேயே' என்று தொடங்குகிற மேடைப் பேச்சு முழுவதும் ஆடும். ராஜாக்களைப் பற்றிச் சண்டை போடுவது நமக்கு வசதியாக இருப்பதற்குக் காரணம், அந்தச் சண்டையில் யார் ஜெயித்தாலும் நாம் ராஜாவின் ஆட்களாகவே எஞ்சுகிறோம். பிழைத்தவனின் வம்சமாவது புத்தகம் போட்டுப் பக்கத்தை மறைக்க முடிகிறது. கூண்டோடு போன குடும்பங்களுக்கு மறைப்பதற்குக்கூட ஆள் இல்லை. சேலத்தில் குறைந்த அந்த மூன்றரை லட்சத்துக்கும் மேற்பட்டவர்களில் அவர்களும் இருக்கிறார்கள், அந்தத் தங்கச்சியும் இருக்கிறாள்.

இதையெல்லாம் எழுதலாமா என்று பெரியப்பாவிடம் கேட்டுவிட்டுத்தான் எழுதுகிறேன். ஊர்ப் பெயரோ ஆள் பெயரோ வராமல் எழுது என்று முதலில் சொன்னார், அப்புறம் அவரே ஆத்தூர் என்று போட்டுக்கொள் என்றார். குலவரலாற்றை மறுபடி அச்சடிக்கும்போது அந்தப் பையனை எழுதவேண்டும் என்று நான் குழுவில் போட்டேன். அண்ணன் கோபத்தில் இரண்டு நாள் பேசவில்லை. சித்தப்பா, இவ்வளவு முற்போக்கு பேசுகிறவர், "இப்ப எதுக்குடா இது, பாப்பாவுக்கு வரன் பார்த்துட்டு இருக்கோம்" என்று தனியாகக் கூப்பிட்டுச் சொன்னார். அண்ணன் மகள் மட்டும் அந்தத் தங்கச்சிக்குப் பெயர் இருந்ததா என்று கேட்டாள். இல்லை, அப்பாயிக்கும் தெரியாது.

பலகை

குடும்பப் புத்தகம் என்ன ஆகும் என்று பார்க்கலாம், அது நாலைந்து வருடச் சண்டை. திருமயிலை ரயில் நிலையத்துக்கு அவ்வளவு காலம் தேவையில்லை. ஒரு பலகை போதும். ரயிலுக்கு நிற்கிறவர்கள் போனைப் பார்த்துக் களைத்து நிமிரும்போது கண்ணில் படுகிற உயரத்தில், தமிழில் முதலில், ஆங்கிலத்தில் அடுத்து. கவர்னர் பெயர் இருக்கட்டும், அதை அழிக்கச் சொல்லவில்லை. கீழே இந்த விவரம் வேண்டும்: கூவத்துக்கும் அடையாற்றுக்கும் இடையிலான இந்தக் கால்வாய் 1877-78இல், தாது வருஷப் பஞ்சத்தில், நிவாரணக் கூலிக்கு வந்த மக்களால் வெட்டப்பட்டது, அந்தப் பஞ்சத்தில் தென்னிந்தியாவில் 50 லட்சத்துக்கும் மேற்பட்டோர் இறந்தனர்.

வரைவைப் பெரியப்பாவிடம் காட்டினேன். 'மக்களால்' என்பதை அடித்துவிட்டு 'ஆண்களாலும் பெண்களாலும் குழந்தைகளாலும்' என்று எழுதினார். பஞ்ச வேலையில் மண் சுமந்தது பெரும்பாலும் பெண்களும் பிள்ளைகளும்தான், அதைச் சொல்லாமல் எப்படி என்றார். துறையில் இருந்தவர் என்பதால் எந்த மனுவை எங்கே கொடுக்கவேண்டும் என்று அவருக்குத் தெரிகிறது. கால்வாய் நீர்வளத் துறையினுடையது, ஸ்டேஷன் ரயில்வேயினுடையது, இரண்டு இடத்துக்கும் தனித்தனியாகக் கொடுக்கவேண்டும், ஒருவர் மற்றவரைக் கைகாட்டாமல் இருக்க இரண்டிலும் மற்றதன் நகலை இணைக்கவேண்டும் என்கிறார். முதல் கையெழுத்து அவருடையது. மயிலாப்பூர், மந்தைவெளி, திருவல்லிக்கேணிப் பக்கம் இருப்பவர்கள் கையெழுத்துப் போட விரும்பினால் எனக்கு எழுதுங்கள், ஞாயிற்றுக்கிழமை காலையில் நானே வீட்டுக்கு வந்து வாங்கிக்கொள்கிறேன்.